கோளியும் கோடியும்

ராஜபாளையத்தில் ஒரே தெருவில் மேயும் ஒரே கோழிக்கு மூன்று பெயர். பள்ளிக்கூடத்துப் பலகையில் அது 'கோழி'. பலகையை விட்டு இறங்கித் தெருவுக்கு வந்ததும் 'கோளி'. நாலு வீடு தள்ளி, தெலுங்கு பேசும் ராஜுக்கள் வீட்டு முற்றத்தில் அதே பறவை 'கோடி'. வெளியூர்க்காரர் காதில் அது நூறு லட்சமாக விழுந்தால் அவர்மீது தப்பில்லை. தெலுங்குக் கோழிக்கும் தமிழ்க் கோடிக்கும் உச்சரிப்பில் ஒரு மயிரிழைகூட வித்தியாசம் கிடையாது.

இந்த மூன்றில் எது சரி என்று கேட்பது இயல்பு. மொழியியலாளர்கள் அப்படிக் கேட்பதில்லை. ஒரே தாய்க்குப் பிறந்த ஒலி எந்த வழியாகப் போய் இந்த மூன்று வாய்களிலும் வந்து சேர்ந்தது என்பதே அவர்களுடைய கேள்வி. அந்த வழியைத் தேடிப் போகிறவருக்கு ராஜபாளையமும், வடக்கே பத்துப் பன்னிரண்டு கிலோமீட்டரில் இருக்கும் ஸ்ரீவில்லிபுத்தூரும் அபூர்வமான இடங்கள். மலையடிவாரத்தில், மதுரை - தென்காசிச் சாலையில் அடுத்தடுத்து நிற்கும் இந்த இரண்டு ஊர்களிலும் தமிழும் தெலுங்கும் சில நூற்றாண்டுகளாகத் திண்ணையைப் பகிர்ந்துகொண்டு வாழ்கின்றன.

முதலில் 'ழ'வின் உடற்கூறு. நாக்கின் நுனி மேலெழுந்து பின்னோக்கி வளைகிறது. ஆனால் அண்ணத்தைத் தொடுவதில்லை. தொடப்போய்த் தொடாமல் நிற்கும் அந்தச் சின்ன இடைவெளி வழியாக, நாக்கின் நடுவில், காற்று தடையின்றி வெளியேறுகிறது. நுனி வளைய வேண்டும், தொடக்கூடாது, காற்று நடுவில் போக வேண்டும். மூன்று நிபந்தனைகளும் ஒரே நொடியின் சிறு துணுக்குக்குள் நிறைவேறினால்தான் 'ழ'. இதைத் தொல்காப்பியத்தின் பிறப்பியலே கவனித்திருக்கிறது. ரகரத்தையும் ழகரத்தையும் நாக்கு நுனி அண்ணத்தைத் தடவிப் பிறக்கும் ஒலிகளாக ஒரு பக்கம் வைத்து, நாக்கின் விளிம்பு தடித்து அண்ணத்தோடு சேரப் பிறக்கும் லகர ளகரங்களை இன்னொரு பக்கம் வைக்கிறது. கருவி எதுவும் இல்லாமல், தன் வாயையே ஆய்வுக்கூடமாக்கிச் செய்த வேலை அது. 1999-இல் ஸ்ரீகாந்த் நாராயணன், டேனி பேர்ட், அபிகெய்ல் கான் ஆகிய மூவர் எம்.ஆர்.ஐ. படங்களைக் கொண்டும், நாக்கில் ஒட்டிய நுண் உணரிகளைக் கொண்டும் தமிழின் ர, ற, ல, ள, ழ ஐந்தையும் ஆராய்ந்து கட்டுரை வெளியிட்டார்கள். மருத்துவமனை இயந்திரம் தொல்காப்பியத்தைப் பார்க்க வந்த காலம் என்று அதைச் சொல்லலாம்.

இப்போது நிபந்தனைகளில் ஒன்றை மட்டும் தளர்த்திப் பார்க்கலாம். நுனி வளைகிறது, ஆனால் அண்ணத்தைத் தொட்டுவிடுகிறது. நடுவழி அடைபட, காற்று நாக்கின் இரு ஓரங்களிலும் பிரிந்து போகிறது. வருவது 'ள'. கோளி. நுனி தொட்டு, ஓரங்களையும் அடைத்துவிட்டு, சட்டென்று விடுபடுகிறது. வருவது சொல்லின் நடுவில் வரும் மெல்லிய 'ட'. கோடி. நுனி பின்னால் வளையாமல் முன்னுக்கு வந்து ஆடுகிறது. வருவது 'ர'. மங்களூர்ப் பக்கம் துளு பேசுகிறவர்கள் கோழியை 'கோரி' என்கிறார்கள். அங்கே புகழ்பெற்ற 'கோரி ரொட்டி' கோழிக்குழம்பில் ஊறும் மொறுமொறு ரொட்டிதான். நுனியை வளைக்கவே மறந்து, நாக்கின் நடுப்பகுதியை மட்டும் உயர்த்தினால் 'ய'. வடசென்னையின் 'வாயப்பயம்' அப்படிப் பழுத்தது.

வட்டார வழக்கு என்பது சோம்பேறி நாக்கின் வேலை என்று பலர் நினைக்கிறார்கள். சோம்பல்தான் காரணம் என்றால் ஒவ்வொரு ஊரும் ஒவ்வொரு மாதிரியாகவா சோம்பிக் கிடக்கும்? கன்னடத்தில் ஏழு 'ஏளு', கோழி 'கோளி', நிழல் 'நெளலு'. தெலுங்கில் ஏழு 'ஏடு', கோழி 'கோடி', நிழல் 'நீட', பாழ் 'பாடு'. நாம் குடிக்கும் கூழ் அங்கே 'கூடு' ஆகி, சோற்றுக்கும் சாப்பாட்டுக்கும் பெயராகிவிட்டது. சோழர்கள் 'சோட' ஆனார்கள். சொல்லுக்குச் சொல் இப்படி வரிசை பிசகாமல் மாறுவதால்தான் இந்த மொழிகள் ஒரு குடும்பம் என்று நிறுவ முடிந்தது. சோம்பேறித்தனத்துக்கு இவ்வளவு ஒழுங்கு வராது.

தெலுங்கில் இந்த மாற்றம் ராஜபாளையத்துக்கு வந்த பிறகு நடந்ததல்ல. ராஜுக்களின் முன்னோர் விஜயநகர, நாயக்கர் காலங்களில் தெற்கே வந்தவர்கள். அவர்கள் மூட்டை கட்டியபோதே கோழி கோடியாகித்தான் இருந்தது. அதற்கும் பல நூற்றாண்டு முந்தைய கதை கடப்பைப் பக்கத்தில் இருக்கிறது. அங்கே ஆண்ட ரேநாட்டுச் சோழர்களின் தெலுங்குக் கல்வெட்டுகள் ஆறாம் நூற்றாண்டில் தொடங்குகின்றன. அந்தப் பழைய எழுத்தில் ழகரத்துக்கென்று ஒரு தனி வடிவம் இருந்தது. நன்னயர் மகாபாரதத்தைத் தெலுங்கில் பாடிய பதினோராம் நூற்றாண்டுக்குள் அந்த ஒலி டகரமாகவும் ரகரமாகவும் கரைந்துவிட்டது; எழுத்துக்கும் வேலை போய்விட்டது. கன்னடத்திலும் இதே கதி. பதிமூன்றாம் நூற்றாண்டில் 'சப்தமணிதர்ப்பணம்' என்ற இலக்கணம் எழுதிய கேசிராஜர், எந்தெந்தச் சொல்லில் ழகரம் வரும் என்று பட்டியலே போட்டுக் கொடுக்க வேண்டியிருந்தது. காதில் கேட்டிருந்தால் பட்டியல் எதற்கு? பின்னாளில் கணினிக்கான யூனிகோடு அட்டவணையில் அந்தக் கன்னட எழுத்தைச் சேர்த்தபோது, அதன் பெயரை 'ஃபா' என்று தவறாகப் பதிந்துவிட்டார்கள். ஒருமுறை வைத்த பெயரை மாற்றக்கூடாது என்பது யூனிகோடின் விதி. ஆகவே கன்னட ழகரம் இன்றைக்கும் அங்கே 'ஃபா'தான். செத்த பிறகும் விடாத அவமானம்.

தெலுங்கு இன்னொரு வித்தையும் செய்தது. அதற்கு ராஜபாளையத்தின் பெயரிலேயே ஒரு சாட்சி இருக்கிறது. தமிழ் மரபிலக்கணத்தில் ரகரம் சொல்லுக்கு முதலில் வராது. அதனால்தான் பழைய பாணியில் எழுதுகிறவர்கள் 'இராஜபாளையம்' என்று முன்னால் ஓர் இகரத்தை நிறுத்துகிறார்கள். தெலுங்குக்கு அந்தத் தயக்கம் இல்லை. சொல்லின் முதல் உயிரை எடுத்து அடுத்த மெய்க்குப் பின்னால் வைத்துவிடுகிற வழக்கம் அதற்கு எப்போதோ வந்துவிட்டது. இரண்டு அங்கே 'ரெண்டு'. உரல் 'ரோலு'. உலக்கை 'ரோகலி'. நகத்துக்குச் சங்க காலம் தொட்டு வழங்கும் 'உகிர்' அங்கே 'கோரு'. அவன் 'வாடு', இவன் 'வீடு'. இளம் என்பது 'லேத'. மெய்யெழுத்துக்குப் பின்னால் உள்ள உயிர் தாண்டிக் குதித்தபோது இரண்டு மெய்கள் ஒட்டிக்கொண்டு நின்றன. மரம் 'ம்ரானு' ஆகிப் பிறகு 'மானு' ஆனது. விரல் 'வ்ரேலு' ஆகி 'வேலு' ஆனது. கீழ் என்பது 'க்ரிந்த' ஆகிப் பேச்சில் 'கிந்த' ஆனது. அந்தக் 'க்ரிந்த'வில் நிற்கும் ரகரம் நம்முடைய ழகரத்தின் இன்னொரு பிள்ளை.

வேடிக்கை என்னவென்றால், தமிழனும் பேச்சில் 'ரெண்டு' என்றுதான் எண்ணுகிறான். இலக்கணம் வாசலில் இகரத்தை நிறுத்திவைத்தாலும், எண்ணும்போது எவரும் அந்த வாசல் வழியாகப் போவதில்லை.

ராஜபாளையத்தில் தெலுங்கு என்றால் ராஜுக்கள் மட்டுமல்ல. நாயுடு, ரெட்டியார் வீடுகளிலும், அருந்ததியர் குடியிருப்புகளிலும் தெலுங்கு உண்டு. இந்தத் தெலுங்குகள் ஒன்றுக்கொன்று வேறுபடும் என்பதையும், கடைசியாகச் சொன்னவர்களின் பேச்சு வெளியில் அதிகம் பேசப்படுவதில்லை என்பதையும் சேர்த்தே சொல்ல வேண்டும். 1949 முதல் 1952 வரை சென்னை மாகாணத்தின் முதலமைச்சராக இருந்த பூ. ச. குமாரசாமி ராஜா இந்த ஊர்க்காரர். தன் வீட்டையே பொதுவுக்குக் கொடுத்தார், அது இன்று காந்தி கலை மன்றம். 1936-இல் ராஜபாளையம் மில்லைத் தொடங்கிய பி. ஏ. சி. ராமசாமி ராஜாவும் இந்தச் சமூகத்தவரே. பள்ளிப் படிப்பும் கடைக் கணக்கும் கல்யாணப் பத்திரிகையும் தமிழில்; அடுப்படிப் பேச்சு தெலுங்கில். பெரும்பாலோருக்குத் தெலுங்கு எழுத்து தெரியாது. எழுத்து இல்லாத மொழிக்கு ஒரு சுதந்திரம் உண்டு: பாடப்புத்தகம் வந்து அதைத் திருத்தாது. ஆந்திரப் பாடப்புத்தகம் 'எங்கே' என்பதற்கு 'எக்கட' என்று சொல்லிக்கொடுக்கும். தமிழ்நாட்டுத் தெலுங்கு வீடுகளில் பெரும்பாலும் 'யாட', 'ஏட' என்பதைத்தான் கேட்கலாம். ராயலசீமைக் கிராமங்களின் வாயோடு இது ஒத்துப்போகிறது. விஜயவாடாவிலிருந்து வருகிற உறவினர் இதைக் கேட்டுச் சிரிப்பதுண்டு. சிரிப்பவருக்கு, வெட்டப்பட்ட கிளை சில சமயம் அடிமரத்தைவிடப் பழைய இலையை வைத்திருக்கும் என்று தெரியாது.

இந்தக் கிளைக் கதைக்கு ஐரோப்பாவில் ஒரு சகோதரக் கதை இருக்கிறது. மொழியியல் வரலாற்றையே திருப்பிவிட்ட கதை என்பதால், ராஜபாளையத்திலிருந்து ஒரு நடை அங்கே போய் வருவதில் நஷ்டமில்லை. ஆல்ப்ஸ் மலையின் தென்கிழக்குச் சரிவில் இருக்கும் ஸ்லோவேனியாவின் மொழி ஸ்லோவேனியன். பேசுகிறவர்கள் 20 லட்சத்தைச் சற்றே தாண்டுவார்கள். மதுரையையும் சுற்றுவட்டாரத்தையும் சேர்த்தால் ஆகிவிடும். அதற்குள் ஏறக்குறைய 50 வட்டார வழக்குகள். ஒவ்வொரு கிராமத்துக்கும் தனிக்குரல் என்று அவர்களிடம் ஒரு பழமொழியே உண்டு. மலையும் பள்ளத்தாக்குமாக நாடு மடிந்து கிடப்பதால் பேச்சும் மடிப்பு மடிப்பாகப் பிரிந்துவிட்டது. எழுத்தில் 'ல்' என்று போட்டுவிட்டு, சொல் முடிவில் அதை 'உ'வை ஒட்டிய ஒலியாகச் சொல்வது அங்கே சாதாரணம். 'பில்' என்று எழுதினால் 'பியு' என்பதுபோல் படிப்பார்கள். 'வாழைப்பழம்' என்று எழுதிவிட்டு 'வாளப்பளம்' என்று கேட்கிற நமக்கு அவர்கள் அந்நியர் இல்லை.

அந்த மொழியின் மேற்கு ஓரத்துக் கிளை ஒன்று மலையைத் தாண்டி இத்தாலிக்குள் ரேசியா என்ற பள்ளத்தாக்கில் மாட்டிக்கொண்டது. இன்று பேசுகிறவர்கள் சுமார் ஆயிரம் பேர். 1870-களில் அங்கே போய் உட்கார்ந்து ஊர் ஊராகப் பேச்சைக் குறித்துக்கொண்டவர் யான் போதுவான் தெ குர்த்தனே என்ற போலந்து அறிஞர். அந்தப் பள்ளத்தாக்கின் ஒலிகளைப் பற்றி 1875-இல் நூல் வெளியிட்டார். அதற்குப் பிறகு ரஷ்யாவின் கசான் பல்கலைக்கழகத்தில் தன் மாணவர் குருஷெவ்ஸ்கியோடு சேர்ந்து அவர் வளர்த்தெடுத்த கருத்துதான் இன்று ஒலியன் என்று வழங்குவது. வாயில் பிறக்கும் ஒலி வேறு, மனத்தில் பொருளைப் பிரித்துக்காட்டும் ஒலி வேறு என்பது அதன் சாரம்.

இந்தக் கருத்தைக் கையில் எடுத்துக்கொண்டு ஸ்ரீவில்லிபுத்தூர் கடைத்தெருவுக்குத் திரும்பினால் ஒரு பழைய புதிர் அவிழ்கிறது. ழகரமும் ளகரமும் ஒன்றாகிவிட்ட ஊரில் குழப்பம் ஏன் வருவதில்லை? அகராதியைப் புரட்டினால் சண்டைக்கு நிற்கும் இணைகள் நிறைய: விழி - விளி, வழி - வளி, உழவு - உளவு, ஆழி - ஆளி, தாழ் - தாள். ஆனால் இவற்றில் ஒன்று தெருச்சொல் என்றால் மற்றது ஏட்டுச்சொல். 'வளி' என்று காற்றைச் சொல்லிப் பேருந்தில் எவரும் பேசுவதில்லை. எனவே 'வளிய விடுங்க' என்றால் ஒதுங்குகிறோம். வாழையும் வாளை மீனும் வேண்டுமானால் மோதலாம். ஆனால் ஒன்று பழக்கடையில், மற்றது மீன் சந்தையில். இரண்டு ஒலிகளும் சேர்ந்து சுமந்த பாரம் லேசாக இருந்ததால் ஒன்றை இறக்கிவைத்தபோது வண்டி குடைசாயவில்லை. குடைசாய்கிற ஒரே இடம் பள்ளிக்கூடத்துச் சொல்வதெழுதல். 'பளம்', 'மளை', 'ஏளு' என்று எழுதுகிற பிள்ளை மக்குப் பிள்ளையில்லை. தன் காது கேட்டதைத் துல்லியமாகப் பதிவு செய்கிற ஆய்வாளர் அது. மதிப்பெண்தான் கிடைக்காது.

தென்மாவட்டப் பேச்சு எல்லாவற்றையும் இழந்துகொண்டே போகிறது என்று நினைத்துவிடக் கூடாது. சென்னை தொலைத்த ஒன்றை இது வைத்திருக்கிறது. 'இங்ஙன உக்காரு', 'அங்ஙன வையி' என்று இந்தப் பக்கத்து ஆச்சிகள் சொல்லும்போது கூர்ந்து கேட்க வேண்டும். 'ங்க' அல்ல, மூக்கில் பிறந்து நேரே அகரத்தில் இறங்கும் 'ங'. தமிழ் நெடுங்கணக்கில் ங, ஙா, ஙி, ஙீ என்று பன்னிரண்டு எழுத்துகளை மனப்பாடம் செய்யும் குழந்தை அவற்றைப் பிறகு எங்கும் பார்ப்பதில்லை. 'அங்ஙனம்' போன்ற ஏட்டு நடைச் சொல்லில் மட்டும் ஙகரம் ஒண்டிக்கொண்டிருக்கிறது என்றுதான் பாடம். அதே சொல் மகரத்தை உதிர்த்துவிட்டு இங்கே வயற்காட்டில் தினக்கூலிக்குப் போய்வருகிறது. கூடவே 'அங்கிட்டு', 'இங்கிட்டு' என்ற திசைச் சொற்கள் வேறு.

மரியாதைப் பன்மையும் காதைத் திருப்பும். அவர்கள் வந்தார்கள் என்பது சென்னையில் 'அவங்க வந்தாங்க'. இங்கே 'அவுக வந்தாக'. ரகரமும் ளகரமும் உதிர்ந்து ககரம் மட்டும் எஞ்சிய வடிவம் அது. தெற்கே திருநெல்வேலி நோக்கிப் போனால் அந்தக் ககரமும் தேய்ந்து, 'அவிய வந்தாவ' என்று காற்றோடு கலந்துவிடுகிறது. தமிழில் உயிர்களுக்கு இடையே நிற்கும் ககரம் எப்போதும் பலவீனமானது. ஹகரம் போல் மூச்சாகி, கடைசியில் இல்லாமலே போகும். ஒரு விகுதி படிப்படியாக இளைப்பதை மதுரையில் பேருந்து ஏறித் தெற்கே போகப் போக, பக்கத்து இருக்கைப் பேச்சிலேயே கேட்டுவிடலாம். பயணச்சீட்டு மட்டும் எடுத்தால் போதும்.

கரிசல் பேச்சைத் தமிழ் உலகம் காது கொடுத்துக் கேட்க வைத்தவர் கி. ராஜநாராயணன். தென்கிழக்கே கோவில்பட்டிக்குப் பக்கத்தில் இடைசெவல் அவர் ஊர். 1982-இல் அவர் தொகுத்த கரிசல் வட்டார வழக்குச் சொல்லகராதி, ஒரு பல்கலைக்கழகத் துறை செய்ய வேண்டிய வேலையை ஒரு விவசாயி செய்துகாட்டியது. அவருடைய வீட்டு மொழி தெலுங்கு. 'கோபல்ல கிராமம்' தெலுங்கு பேசுகிறவர்கள் தெற்கே வந்து குடியேறிய கதை. தமிழின் ஒரு வட்டாரத்தை ஏட்டில் ஏற்றியவர் வீட்டில் வேறு மொழி பேசினார் என்பது முரண் போலத் தோன்றும். உண்மையில் இரண்டு மொழிக் காது உள்ளவருக்குத்தான் ஒவ்வொன்றின் ஒலியும் தனித்துக் கேட்கும். ஒரு மொழி மட்டும் தெரிந்தவர், மீன் தண்ணீரைக் கவனிக்காததுபோல், தன் பேச்சைக் கவனிப்பதில்லை.

இனி ஸ்ரீவில்லிபுத்தூர். பேச்சில் 'சீவில்லிபுத்தூர்'. சொல்லின் தொடக்கத்தில் இரண்டு மெய்கள் ஒட்டி நிற்பதைத் தமிழ் நாக்கு பொறுக்காது. எழுத்தில் 'திரு' என்று பிரித்தது, பேச்சில் ரகரத்தையே தூக்கிப் போட்டது.

ஆண்டாளின் திருப்பாவை இங்கே பிறந்ததென்பது மரபு. அதன் நான்காம் பாசுரம் மழை வேண்டுவது. எட்டு அடிகளில் பதினொரு ழகரங்கள். அதிலும் முதல் ஏழு அடிகளின் இரண்டாம் எழுத்தும் ழகரமே. எதுகைக்கு ளகரம் ஒன்றுகூட உள்ளே நுழையவில்லை. பழைய காலத்துக்கு ஒலிநாடா கிடையாது. கவிஞரின் எதுகைதான் ஒலிநாடா. இரண்டு ஒலியும் அந்தச் செய்யுள் காதுக்குத் தெளிவாக வேறுபட்டே கேட்டன என்பதற்கு இந்தப் பாசுரம் சாட்சி. மார்கழி விடியலில் இதைப் பாடுகிற குரல்களில் இன்றைக்கும் ழகரம் சுத்தமாக விழும். பாடி முடித்து வீட்டுக்கு வந்து 'மள வருமா?' என்று வானத்தைப் பார்ப்பதும் அதே குரல்தான். ஒருவர் வாயில் இரண்டு ஒலியமைப்புகள், கோயிலுக்கு ஒன்று, கொல்லைக்கு ஒன்று என்று குடியிருக்கின்றன.

ஆனால் இந்த ஊரின் பெரிய புதையல் பாசுரத்தில் இல்லை, பட்டப்பெயரில் இருக்கிறது. ஆண்டாளின் தந்தை பெரியாழ்வார். 'ஆழ்வார்' என்றால் பக்தியில் ஆழ்ந்தவர் என்று பள்ளிப் பிள்ளையும் சொல்லும். ஆய்வாளர் சு. பழனியப்பன், 2004-இல் புதுச்சேரியில் வெளியான பிரான்சுவா குரோ பாராட்டு மலரில் எழுதிய கட்டுரையில் இந்த விளக்கத்தைக் கேள்விக்கு உட்படுத்தினார். கல்வெட்டுச் சான்றுகளை அடுக்கி அவர் வைத்த வாதம் இது: மூலவடிவம் 'ஆள்வார்'. ஆள்கிறவர், தலைவர் என்று பொருள். தெய்வங்களுக்கும் பெரியவர்களுக்கும் வழங்கிய மரியாதைப் பெயர். பேச்சில் ழகர ளகரம் கலக்கத் தொடங்கியதும், ளகரத்தைக் கேட்ட எழுத்தறிந்தவர்கள் 'இது கொச்சை, சரியான வடிவம் ழகரமாகத்தான் இருக்கும்' என்று தேவையில்லாத இடத்தில் திருத்திவிட்டார்கள். திருத்திய சொல்லுக்கு 'ஆழ்ந்தவர்' என்ற பொருள் பின்னால் வந்து ஒட்டிக்கொண்டது.

இப்படி அளவு மீறித் திருத்துவதை மொழியியலில் மிகைத்திருத்தம் என்பார்கள். புரியாத விஷயம் ஒன்றுமில்லை. மேடையில் 'வாழ்த்துகழ்' என்று முழங்குகிறவரையும், பலாச்சுளையைப் 'பலாச்சுழை' என்று பலகையில் எழுதியிருப்பவரையும் எல்லோரும் பார்த்திருப்போம். தன் நாக்குக்கு ழகரம் வராது என்ற கூச்சம் இருப்பவர்தான் வேண்டாத இடத்திலும் அதைத் தூவுவார்.

பழனியப்பனின் வாதத்தை எல்லோரும் ஏற்க வேண்டும் என்பதில்லை. பக்தி மரபுக்கு 'ஆழ்ந்தவர்' என்ற பொருள் நெஞ்சுக்கு நெருக்கமானது. ஆனால் மகளின் பெயரைப் பார்க்கும்போது அந்த வாதத்துக்கு வலு கூடுகிறது. ஆண்டாள் என்பது ஆண்டவன் என்பதன் பெண்பால். ஆள் என்ற வினையிலிருந்து பிறந்த பெயர். மகள் 'ஆண்டவள்' என்றால் தந்தை 'ஆள்பவர்' என்பது பொருந்தித்தானே வருகிறது.

ஆண்டாளின் கதை தெலுங்கிலும் உண்டு. 1509 முதல் 1529 வரை விஜயநகரத்தை ஆண்ட கிருஷ்ணதேவராயர் 'ஆமுக்தமால்யத' என்ற தெலுங்குக் காவியத்தை ஸ்ரீவில்லிபுத்தூரில்தான் நிகழவைத்தார். சூடிக்கொடுத்தவள் என்ற ஆண்டாளின் கதை, விஷ்ணுசித்தர் என்ற பெரியாழ்வாரின் கதை. துங்கபத்திரைக் கரையில் இருந்த பேரரசன் தெலுங்கில் காவியம் எழுத வைகைக்கும் தெற்கே ஒரு சிற்றூரைத் தேர்ந்தெடுத்ததை நினைத்தால், இங்கே தமிழும் தெலுங்கும் சேர்ந்து வாழ்வது வெறும் குடியேற்றக் கணக்கு அல்ல என்று தோன்றும். ழகரம் இல்லாத தெலுங்கில் ஆழ்வார்களை 'ஆள்வார்' என்றுதான் எழுதுவார்கள், சொல்வார்கள்.

ஆடிப்பூரத்துத் தேருக்கு ராஜபாளையத்திலிருந்து ஒரு ராஜு குடும்பம் கிளம்பிப் போகிறது என்று வைத்துக்கொள்வோம். சந்நிதியில் நின்று பாட்டி 'ஆள்வார்' என்கிறார், தெலுங்கு வாய். வாசலில் பூ விற்கும் அம்மாவும் 'ஆள்வார்' என்கிறார், கரிசல் வாய். உள்ளே சுவரில் எழுதியிருப்பது 'ஆழ்வார்'. பேத்தி பள்ளியில் படித்தவள். இரண்டு பேரையும் திருத்துகிறாள். கல்வெட்டுகளைப் பழனியப்பன் படித்த விதம் சரியென்றால், அங்கே திருத்தப்பட வேண்டியது சுவர்.